கைது செய்யாததற்கும் காரணம் எழுத வேண்டும்

மனு எழுதித் தருபவர் யாராக இருந்தாலும் கடைசிப் பத்தி மாறுவதில்லை. ‘ஆகவே சமூகம் ஐயா அவர்கள் மேற்படி நபர்களை உடனடியாகக் கைது செய்து, எனக்கும் என் குடும்பத்தாருக்கும் உரிய பாதுகாப்பு வழங்குமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.’ வரப்புத் தகராறில் மண்டை உடைந்தவர், ஏலச்சீட்டில் பணம் போனவர், மருமகன் வீட்டாரால் அடித்து விரட்டப்பட்ட மகளின் தாய், கோயில் திருவிழாவில் சாதி சொல்லித் திட்டப்பட்டவர் என்று எவர் மனுவைப் பிரித்தாலும் முடிவு அதுதான்.

இந்த மனு நடக்கும் தூரம் அதிகம். முதலில் செஞ்சியிலோ வளத்தியிலோ அவலூர்பேட்டையிலோ அனந்தபுரத்திலோ நல்லாண்பிள்ளைபெற்றாளிலோ உள்ள காவல் நிலையம். அங்கே ‘சி.எஸ்.ஆர். போட்டிருக்கோம், கூப்பிடுறோம்’ என்பார்கள். பிறகு செஞ்சி டி.எஸ்.பி. அலுவலகம். பிறகு விழுப்புரம் எஸ்.பி. அலுவலகத்தின் மனு நாள். பிறகு திங்கள்கிழமை ஆட்சியர் அலுவலக வாசல். அந்த வாசலில் வருவோரின் பையைச் சோதித்து மண்ணெண்ணெய் கேனைப் பிடுங்குவதற்கென்றே போலீஸ் நிறுத்தப்படும் நிலை தமிழகத்தில் வந்து ஆண்டுகள் பலவாகிவிட்டன. எதுவும் நடக்கவில்லை என்றால், ரயில் இல்லாத செஞ்சியிலிருந்து பஸ் பிடித்து, திண்டிவனம் வழியாகச் சென்னை உயர் நீதிமன்றம்.

அங்கே மனுதாரர் கேட்டது கிடைப்பதில்லை. ‘வழக்குப் பதியச் சொல்லுங்கள்’ என்ற மனுவுக்கு ஒரு வழி உண்டு. ‘விசாரணையை விரைந்து முடிக்கச் சொல்லுங்கள்’ என்றால் கால வரம்பு விதிக்கும் உத்தரவு வரலாம். ‘வேறு அமைப்புக்கு மாற்றுங்கள்’ என்ற கோரிக்கைகூடச் சில நேரம் ஏற்கப்படும். ‘எதிரிகளைக் கைது செய்ய உத்தரவிடுங்கள்’ என்ற கோரிக்கை மட்டும் பெரும்பாலும் இரண்டு நிமிடத்தில் முடிந்துவிடும். ‘மனுதாரரின் புகாரைப் பரிசீலித்துச் சட்டப்படி நடவடிக்கை எடுக்க வேண்டும்’ என்ற ஒற்றை வரியுடன் ஊர் திரும்புகிறவர், வழக்கில் ஜெயித்தோமா தோற்றோமா என்றே தெரியாமல் வக்கீலைப் பார்க்கிறார்.

நீதிமன்றம் ஏன் மறுக்கிறது என்பதை அவருக்கு யாரும் பொறுமையாகச் சொல்வதில்லை. பிரிட்டிஷ் இந்தியாவின் உச்ச மேல்முறையீட்டு மன்றமாக லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில், 1944இல் லாகூரிலிருந்து வந்த குவாஜா நசீர் அகமது வழக்கில் ஒரு கோட்டைப் போட்டது: புலன் விசாரணை போலீஸின் வேலை, தீர்ப்பு நீதிமன்றத்தின் வேலை, ஒன்றின் எல்லைக்குள் மற்றது புகக் கூடாது. சுதந்திர இந்தியாவின் நீதிமன்றங்கள் அந்தக் கோட்டைப் பல இடங்களில் வளைத்திருக்கின்றன, அழிக்கவில்லை. 2002 டிசம்பரில் எம்.சி. ஆபிரகாம் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை நேராகவே சொன்னது. நாக்பூரில் ஒரு மருந்து நிறுவனம் தொழிலாளர்களின் வருங்கால வைப்பு நிதியைக் கட்டவில்லை. இயக்குநர்களின் முன்ஜாமீன் மனுக்கள் தள்ளுபடியாயின. ஆனாலும் கைது இல்லை. பம்பாய் உயர் நீதிமன்றத்தின் நாக்பூர் கிளை, கைது செய்யுங்கள் என்றது. அந்த உத்தரவை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. முன்ஜாமீன் மறுக்கப்பட்டால் கைது செய்தே ஆக வேண்டும் என்று பொருளில்லை, கைது தேவையா என்று முடிவெடுப்பது விசாரணை அதிகாரியின் பொறுப்பு என்பது அந்தத் தீர்ப்பின் சாரம்.

பழைய தீர்ப்புகளெல்லாம் எதற்கு, 2025 ஜூனில் நம் கண்ணெதிரே நடந்ததே போதும். திருவள்ளூர் மாவட்டத்தில் ஒரு காதல் திருமணம். பெண் வீட்டாருக்காக மணமகனின் தம்பியைக் கடத்தியதாக வழக்கு. புரட்சி பாரதம் கட்சித் தலைவரும் கே.வி.குப்பம் சட்டமன்ற உறுப்பினருமான பூவை ஜெகன்மூர்த்தி முன்ஜாமீன் கேட்டு உயர் நீதிமன்றம் வந்தார். கூடுதல் டி.ஜி.பி. எச்.எம். ஜெயராமின் அரசு வாகனம் இந்த விவகாரத்தில் பயன்படுத்தப்பட்டதாகச் சொல்லப்பட்டது. ஜூன் 16 அன்று நீதிபதி பி. வேல்முருகன், ஏ.டி.ஜி.பி.யைப் பிடித்து விசாரிக்க உத்தரவிட்டார். நீதிமன்றத்துக்கு வந்திருந்த உயரதிகாரியைச் சீருடைக்காரர்களே அழைத்துச் சென்ற காட்சியைத் தமிழ்நாடே தொலைக்காட்சியில் பார்த்தது. ‘பெரிய ஆளையும் பிடிக்கிறார்கள் பாருங்கள்’ என்று டீக்கடைகளில் ஒரு திருப்தி. எனக்கும் அந்தத் திருப்தி இல்லாமல் இல்லை. மூன்றே நாளில், ஜூன் 19 அன்று, உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்து, வழக்கை வேறு நீதிபதிக்கு மாற்றச் சொன்னது. விசாரணை சி.பி.சி.ஐ.டி.க்குப் போனது. ஜெயராம் அந்த மனுவில் ஒரு தரப்பினரே அல்ல. முன்ஜாமீன் கேட்டு வந்தவர் வேறொருவர். நீதிபதியின் கோபம் நியாயமாக இருக்கலாம். ஆனால் நீதிபதியே ‘பிடியுங்கள்’ என்று சொல்லிவிட்டால், பிடிபட்டவர் பிறகு எந்த நீதிபதியிடம் போய் ‘என்னைப் பிடித்தது தவறு’ என்று முறையிடுவார்?

கைது உத்தரவு போடும் பழக்கம் நீதிமன்றத்துக்கு ஏன் வேண்டாம் என்பதற்கு இதைவிடக் கனமான காரணம் தூத்துக்குடி மாவட்டத்தில் இருக்கிறது. சாத்தான்குளத்தில் 2020 ஜூன் 19 அன்று ஜெயராஜும் அவர் மகன் பென்னிக்ஸும் கைது செய்யப்பட்டார்கள். ஊரடங்கு நேரத்தில் கடையைத் திறந்து வைத்திருந்தார்கள் என்பதும், போலீஸிடம் தகராறு செய்தார்கள் என்பதும் சொல்லப்பட்ட காரணம். ஏழாண்டுக்கு உட்பட்ட தண்டனைக்குரிய குற்றங்களில் காரணத்தை எழுதாமல் கைது செய்யக் கூடாது, மாஜிஸ்திரேட்டும் கண்ணை மூடிக்கொண்டு ரிமாண்ட் செய்யக் கூடாது என்று அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2014 ஜூலையிலேயே சொல்லியிருந்தது. ஆறு ஆண்டுக்குப் பின்னும் அது சாத்தான்குளத்தை எட்டவில்லை. ரிமாண்ட் ஆனது. ஜூன் 22 இரவும் 23 அதிகாலையுமாக இருவரும் இறந்தார்கள். மதுரைக் கிளை நீதிபதிகள் பி.என். பிரகாஷும் பி. புகழேந்தியும் தாமாக முன்வந்து வழக்கைக் கையில் எடுத்தபோது, இவர்களைக் கைது செய்யுங்கள் என்று பெயர் குறிப்பிட்டு உத்தரவிடவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும். கொலை வழக்காகப் பார்க்க முகாந்திரம் இருக்கிறது என்றார்கள், சி.பி.ஐ. வரும்வரை காத்திராமல் சி.பி.சி.ஐ.டி. உடனே விசாரணையைத் தொடங்கட்டும் என்றார்கள். அடுத்த இரண்டு நாள்களுக்குள் போலீஸ்காரர்கள் கைதானார்கள்.

செஞ்சிக் கோட்டைக்குப் போனவர்கள் ராஜகிரி அடிவாரத்தில் சக்கரக்குளத்துக்கு அருகே அந்தப் பெரிய பாறையைப் பார்த்திருப்பார்கள். நடுவில் கிணறு போன்ற பள்ளம். சிறைக் கிணறு என்று வழிகாட்டிகள் சொல்வார்கள். தண்டிக்கப்பட்டவர்களை மேலிருந்து தள்ளிவிட்டால் பசியிலும் தாகத்திலும் அப்படியே சாக வேண்டியதுதான் என்பது ஊர்க்கதை. 2025 ஜூலையில் மராட்டியப் போர்க்களக் கோட்டைகளின் வரிசையில் யுனெஸ்கோ பட்டியலில் இடம்பிடித்த இந்தக் கோட்டைக்கு வருகிறவர்கள் அந்தப் பள்ளத்தைப் பார்த்து ‘அட பாவமே’ என்கிறார்கள். கீழே இறங்கி ஊருக்குள் வந்ததும் ‘பிடித்து உள்ளே தள்ளுங்க சார், அப்பத்தான் புத்தி வரும்’ என்பதும் நாம்தான். விசாரணை இல்லாத தண்டனையாகவே கைதை நாம் கேட்கிறோம். போலீஸும் அப்படித்தான் கொடுக்கிறது. வெள்ளிக்கிழமை மாலை பார்த்துக் கைது செய்தால் திங்கள்வரை ஜாமீன் மனு போட முடியாது என்பது எந்த ரைட்டருக்கும் தெரிந்த கணக்கு. (செஞ்சியில் வெள்ளிக்கிழமை ஆட்டுச் சந்தை, கையில் காசோடு வரும் ஆளைப் பிடிக்கவும் அது தோதான நாள் என்று சொல்லும் குசும்பர்கள் உண்டு.) இந்தியாவில் நடக்கும் கைதுகளில் ஏறக்குறைய 60 விழுக்காடு தேவையற்றவை அல்லது நியாயமற்றவை என்று தேசிய போலீஸ் ஆணையம் சொன்னதை, 1994இல் ஜோகிந்தர் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் எடுத்துக்காட்டியது. 2022ஆம் ஆண்டின் சிறைப் புள்ளிவிவரப்படி நாட்டின் சிறைகளில் இருந்த 5.73 லட்சம் பேரில் 4.34 லட்சம் பேர் விசாரணைக் கைதிகள். குற்றவாளி என்று எந்த நீதிமன்றமும் இன்னும் சொல்லாதவர்கள்.

இவ்வளவையும் சொல்லிவிட்டு, ‘ஆகவே கைது கேட்காதீர்கள்’ என்று செஞ்சிக்காரருக்கு உபதேசம் செய்தால் அவர் முகத்தில் அடித்தாற்போலக் கேட்பார்: ‘என் பையன் வாழைத்தார் திருடினான்னு சந்தேகத்துல ராத்திரியோட ராத்திரியா தூக்கிட்டுப் போனாங்களே, அப்ப இந்தச் சட்டம் எங்கங்க போச்சு?’ அதற்குப் பதில் சொல்வது கடினம். கைது வேண்டாம் என்ற நிதானம் ஆள் பார்த்துத்தான் வருகிறது. நடிகர் எஸ்.வி. சேகரை நினைவிருக்கும். பெண் பத்திரிகையாளர்களை இழிவுபடுத்தும் பதிவைப் பகிர்ந்ததாக 2018 ஏப்ரலில் வழக்கு. மே மாதம் உயர் நீதிமன்றம் முன்ஜாமீன் மறுத்தது. அப்போதும் போலீஸ் அவரைப் பிடிக்கவில்லை; ஜூனில் அவரே எழும்பூர் நீதிமன்றத்தில் ஆஜராகி ஜாமீன் வாங்கிக்கொண்டு போனார். சட்டப்படி பார்த்தால் அதில் தவறில்லை, எம்.சி. ஆபிரகாம் தீர்ப்பே துணைக்கு வரும். ஆனால் அதே சட்டம் குப்பனுக்கும் துணைக்கு வருவதை மக்கள் பார்த்ததில்லை.

இன்னொன்றும் உண்டு. தமிழகக் கிராமத்தில் ஒரு வழக்கின் தீர்ப்பு என்பது எப்போதோ எங்கோ வரும் சமாச்சாரம். அதற்குள் சாட்சி பிறழ்ந்திருப்பார், இன்ஸ்பெக்டர் மூன்று முறை மாறியிருப்பார், புகார் கொடுத்தவரே இறந்திருக்கலாம். பாதிக்கப்பட்டவர் கண்ணால் காணக்கூடிய ஒரே நீதி, அடித்தவனை ஜீப்பில் ஏற்றும் அந்த ஒரு நிமிடம். அடித்தவன் மறுநாள் காலையும் அதே டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து சிரித்தால், ஊரில் யார் பெரியவர் என்பது முடிவாகிவிட்டது என்று பொருள். பிறகு எந்தச் சாட்சி நீதிமன்றப் படி ஏறுவார்? 2025 ஜூலை 27 அன்று பாளையங்கோட்டையில் சாதிவெறியில் ஓர் இளம் பொறியாளர் வெட்டிக் கொல்லப்பட்டபோது, குற்றம் சாட்டப்பட்டவரின் பெற்றோர் இருவருமே போலீஸ் உதவி ஆய்வாளர்கள். அவர்களையும் கைது செய்யும்வரை உடலை வாங்க மாட்டோம் என்று குடும்பம் நின்றது. தந்தை கைதான பிறகு, ஆகஸ்ட் 1 அன்றுதான் உடலைப் பெற்றுக்கொண்டார்கள். எந்த நீதிமன்றமும் கொடுக்க முடியாத கைது உத்தரவை ஒரு பிணத்தை முன்னால் வைத்து வாங்க வேண்டியிருக்கிறது. சவக்கிடங்கு வாசலில் இந்தப் பேரம் தமிழ்நாட்டில் எத்தனை முறை நடந்துவிட்டது!

ஆக, நீதிமன்றம் கைது உத்தரவு போடக் கூடாது என்பது சரி. மக்கள் அதைக் கேட்பதும் சரி. இரண்டும் சரியாக இருக்கும்போது தவறு எங்கே? அந்த ஒற்றை வரி உத்தரவில். ‘பரிசீலித்துச் சட்டப்படி நடவடிக்கை எடுக்கவும்’ என்று எழுதி அனுப்பும்போது நீதிமன்றம் தன் கையில் இருக்கும் கருவியை எடுக்காமலேயே வைத்துவிடுகிறது.

அந்தக் கருவி புதியதல்ல. கைது செய்தால் காரணத்தை எழுத வேண்டும் என்பது எல்லோருக்கும் தெரியும். கைது தேவையில்லை என்று முடிவெடுத்தாலும் அதற்கான காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும் என்ற விதி 2010லேயே குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் சேர்ந்துவிட்டது. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 35ஆம் பிரிவிலும் அப்படியே இருக்கிறது. அர்னேஷ் குமார் தீர்ப்பு ஒரு படி மேலே போனது. ஒருவரைக் கைது செய்வதில்லை என்று எடுத்த முடிவை, வழக்குப் பதிந்த இரண்டு வாரத்துக்குள் மாஜிஸ்திரேட்டுக்கு அனுப்ப வேண்டும். கூடுதல் அவகாசம் வேண்டுமென்றால் எஸ்.பி. காரணம் எழுதித் தர வேண்டும். குற்றம் சாட்டப்பட்டவரைக் காப்பாற்ற வந்த தீர்ப்பு என்றுதான் இதைப் பத்தாண்டாகப் படித்துவருகிறோம். புகார் கொடுத்தவருக்கும் அதில் பாதி இருக்கிறது என்பதை ஏனோ படிக்காமல் விட்டோம்.

செஞ்சி வட்டாரத்து எஃப்.ஐ.ஆர்.களில் நிறையப் பார்க்கக் கிடைக்கும் பிரிவுகளை எடுத்துக்கொள்ளுங்கள். முன்பு 294(பி), 323, 506(2); இப்போது 296(பி), 115(2), 351(3). ஆபாசமாகத் திட்டுதல், காயம் விளைவித்தல், கொலை மிரட்டல். எல்லாம் ஏழாண்டுக்குள் அடங்குபவை. அந்த இரண்டு வாரக் காகிதம் இந்த வழக்குகளுக்கெல்லாம் பொருந்தும். ‘எதிரிக்கு 35(3)இன் கீழ் நோட்டீஸ் கொடுத்தோம், வந்தார், விசாரித்தோம், சாட்சியை மிரட்டியதாகத் தகவல் இல்லை, ஆகவே கைது தேவையில்லை’ என்று ஓர் ஆய்வாளர் கையெழுத்துப் போட்டு எழுதட்டும். எழுதிவிட்டால் அது விவாதத்துக்கு உரியதாகிவிடும். நோட்டீஸே கொடுக்கவில்லை, எதிரி என் வீட்டு வாசலில் வந்து மிரட்டினான், இதோ அதற்கான புகார் ரசீது என்று பாதிக்கப்பட்டவர் பதில் சொல்லலாம். நோட்டீஸுக்குக் கட்டுப்படாதவரைக் கைது செய்யலாம் என்று சட்டமே சொல்கிறது.

போலீஸ் இதையும் ‘கார்பன் காப்பி’ போட்டுவிடும் என்பார்கள் அனுபவசாலிகள். போடும், சந்தேகமில்லை. ஆனால் இருபது வழக்கில் ஒரே வாசகம் இருப்பதை ஒரு மாஜிஸ்திரேட் பார்த்துவிட்டால், அடுத்த மாதம் அந்த ஆய்வாளரைக் கூப்பிட்டுக் கேட்க முடியும். வாய்மொழியாக ‘பார்த்துக்கிறோம், போங்க’ என்றதை யாரும் கேட்க முடியாது. இங்கிலாந்தில் 2013இலிருந்து, குற்றம் சாட்டுவதில்லை என்று அரசு வழக்குத் துறை முடிவெடுத்தால் அதை மறுபரிசீலனை செய்யக் கோரும் உரிமை பாதிக்கப்பட்டவருக்கு உண்டு. மறுபரிசீலனை கேட்க முதலில் ஒரு முடிவு கையில் இருக்க வேண்டும் அல்லவா? நம் ஊரில் முடிவே இல்லாத நிலைதான் எதிரிக்குச் சாதகம்.

கைது இல்லாமலேயே ஒரு வழக்கைத் தண்டனைவரை கொண்டுபோக முடியும் என்பதற்கு விழுப்புரமே சாட்சி. 2021 பிப்ரவரியில் அப்போதைய சிறப்பு டி.ஜி.பி. ராஜேஷ் தாஸ் மீது ஒரு பெண் ஐ.பி.எஸ். அதிகாரி பாலியல் புகார் கொடுத்தார். புகார் கொடுக்கப் போன அதிகாரியின் காரையே வழியில் மறித்தார்கள் என்றால், சாதாரணப் பெண்ணின் கதியை நினைத்துக்கொள்ளலாம். கைது செய் என்ற குரல் அப்போதும் எழுந்தது. புலன் விசாரணை முழுவதும் அவர் சிறைக்குப் போகவில்லை. ஆனால் மார்ச் 1 அன்றே நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் தாமாக முன்வந்து வழக்கைக் கண்காணிப்பில் எடுத்தார். சி.பி.சி.ஐ.டி. அவ்வப்போது வந்து பதில் சொல்ல வேண்டியிருந்தது. உடந்தையாக இருந்த எஸ்.பி. பணியிடை நீக்கம் ஆனபின், முதன்மையானவர் ஏன் ஆகவில்லை என்ற கேள்வி நீதிமன்றத்தில் எழுந்தது. அந்த நீக்கமும் நடந்தது. ஜூலையில் குற்றப்பத்திரிகை. 2023 ஜூன் 16 அன்று விழுப்புரம் தலைமைக் குற்றவியல் நடுவர் நீதிமன்றம் மூன்றாண்டு சிறைத் தண்டனை விதித்தது. 2024 பிப்ரவரியில் மாவட்ட நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. ஜீப்பில் ஏற்றும் காட்சி கிடைக்கவில்லை, தீர்ப்பு கிடைத்தது. எஸ்.வி. சேகர் வழக்கிலும் 2024 பிப்ரவரியில் ஒரு மாதச் சிறைத் தண்டனை வந்தது, அங்கே ஆறு ஆண்டு ஆனது. இரண்டுக்கும் நடுவே உள்ள இடைவெளி, கேள்வி கேட்க ஒரு நீதிபதி இருந்ததாலா என்று யோசிக்கத் தோன்றுகிறது.

கேட்கும் விதம் மாறினால் என்ன கிடைக்கும் என்பதற்கும் பக்கத்திலேயே ஓர் உதாரணம். விக்கிரவாண்டி அருகே குண்டலப்புலியூரில் அன்புஜோதி ஆசிரமம் என்ற பெயரில் உரிமமில்லாமல் நடந்த காப்பகம் ஒன்று 2023 பிப்ரவரியில் அம்பலமானது. அதன் தொடக்கம் ‘ஆசிரமக்காரரைக் கைது செய்யுங்கள்’ என்ற மனு அல்ல. அங்கே சேர்க்கப்பட்ட முதியவர் ஒருவர் எங்கே என்று கேட்டு உயர் நீதிமன்றத்தில் போடப்பட்ட ஆட்கொணர்வு மனு. ஆளைக் காட்டு என்றதும் போலீஸ் உள்ளே போக வேண்டியதாயிற்று. உள்ளே போனதும் நூற்றுக்கும் மேற்பட்டோர் அடைபட்டிருந்தது தெரிந்தது, பாலியல் வன்முறைப் புகார்கள் வந்தன, நிர்வாகிகள் கைதானார்கள்.

வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்குகளைத் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அங்கே ‘நிதானம்’ என்ற சொல்லுக்கு வேறு வரலாறு இருக்கிறது. 2018 மார்ச்சில் உச்ச நீதிமன்றம், இந்தச் சட்டத்தில் கைதுக்கு முன் மேலதிகாரியின் அனுமதி வேண்டும் என்றது. ஏப்ரல் 2 அன்று நாடெங்கும் பந்த். நாடாளுமன்றம் 18ஏ பிரிவைச் சேர்த்து அந்தத் தடையை நீக்கியது. 2020 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றது. இவ்வழக்குகளை டி.எஸ்.பி. நிலைக்குக் குறையாதவர்தான் விசாரிக்க வேண்டும். ஜாமீன் விசாரணையில் பாதிக்கப்பட்டவரின் பேச்சையும் கேட்க வேண்டும் என்கிறது 15ஏ பிரிவு. கடமையை வேண்டுமென்றே செய்யாத அரசு ஊழியருக்கு 4ஆம் பிரிவின் கீழ் சிறை உண்டு. இந்தப் பிரிவைக் கையில் வைத்துக்கொண்டு ‘கைது செய்யுங்கள்’ என்று மட்டும் மனு எழுதுவது வீண். கைது செய்யாத அதிகாரி எந்தக் கடமையைத் தவறவிட்டார் என்று எழுத வேண்டும்.

மனு எழுதித் தரும் வக்கீல்களும் கடைசிப் பத்தியை மாற்ற வேண்டும். எஃப்.ஐ.ஆர். நகல் இலவசமாகக் கிடைக்க வேண்டும், கிடைத்ததா? விசாரணை எந்த நிலையில் இருக்கிறது என்பதைத் 90 நாளுக்குள் பாதிக்கப்பட்டவருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று புதிய சட்டத்தின் 193ஆம் பிரிவு சொல்கிறது, தெரிவித்தார்களா? எதிரிக்கு நோட்டீஸ் போனதா? கைது வேண்டாம் என்ற முடிவு மாஜிஸ்திரேட்டுக்கு வந்ததா? இந்த நான்கையும் கேட்டு ஒரு மனு வந்தால் உயர் நீதிமன்றத்தால் ‘பரிசீலியுங்கள்’ என்று தட்டிக்கழிக்க முடியாது. அரசு வக்கீல் ஒவ்வொன்றுக்கும் ஆம், இல்லை என்று பதில் சொல்லியாக வேண்டும்.

உண்மையில் இதற்குச் சென்னைக்கு பஸ் ஏறவே வேண்டியதில்லை. செஞ்சி, சத்தியமங்கலம், வளத்தி என்று எந்த நிலையத்தில் பதிவானாலும் எஃப்.ஐ.ஆர். நடுவர் நீதிமன்றத்துக்கு வந்துதான் ஆக வேண்டும். வந்த தேதிக்கு எதிரே ஒரு கட்டம்: பதினைந்தாம் நாள், கைது அறிக்கை வந்ததா, கைதில்லை என்ற அறிக்கை வந்ததா, இரண்டும் வரவில்லையா. மூன்றாவது பதில் வந்த வழக்குகளில் மட்டும் நிலைய ஆய்வாளருக்கு ஒரு குறிப்பாணை. சட்டத் திருத்தம் வேண்டாம், உச்ச நீதிமன்றத்தின் புதிய தீர்ப்பு வேண்டாம். மாவட்ட நீதிபதி ஒரு சுற்றறிக்கை அனுப்பினால், விழுப்புரம் மாவட்டம் முழுக்க அடுத்த திங்கள்கிழமையே தொடங்கிவிடலாம்.